கார்டன் சைல்டும் பண்பாட்டின் தொடக்கமும்

தொல்மனிதரைப் பற்றிப் பொதுவாசகர்களுக்காக எழுதப்பட்ட நூல்களில் வி. கார்டன் சைல்டின் இரண்டு நூல்கள் அளவுக்கு நீண்ட செல்வாக்குப் பெற்றவை மிகச் சிலவே. ஒன்று, 1936-இல் வந்த ‘மேன் மேக்ஸ் ஹிம்செல்ஃப்’. மற்றது, உலகப் போருக்கு நடுவே 1942-இல் மலிவுப் பதிப்பாக வந்த ‘வாட் ஹேப்பன்ட் இன் ஹிஸ்டரி’. ‘புதிய கற்காலப் புரட்சி’, ‘நகரப் புரட்சி’ ஆகிய சொற்கள் இவற்றின் வழியாகவே உலகெங்கும் பரவின; வரலாற்றுப் பாடங்களில் இன்றும் புழங்குகின்றன. ஆனால் இந்த நூல்களுக்குள் இருப்பவை இரண்டு தனித்தனிக் கருத்துகள். பண்பாடு என்பது என்ன, அது எதன் வழியாக ஒரு தலைமுறையிலிருந்து அடுத்த தலைமுறைக்குப் போகிறது என்பது ஒன்று. அந்தப் பண்பாடு சில பெரும் புரட்சிகளால் முன்னேறியது, அவை மேற்காசியாவில் நிகழ்ந்து அங்கிருந்து பிற நாடுகளுக்குப் பரவின என்பது இன்னொன்று. புகழ் பெற்றது இரண்டாவது கருத்து. கடந்த எழுபது ஆண்டு அகழாய்வுகள் தகர்த்திருப்பதும் அதைத்தான். ஆனால் அதைத் தகர்த்த சான்றுகளே முதல் கருத்துக்கு வலுச் சேர்க்கின்றன. பண்பாட்டைப் பற்றித் தாம் தந்த விளக்கத்தைச் சைல்ட் இறுதிவரை பின்பற்றியிருந்தால் ‘புரட்சி’ என்ற முடிவுக்கு அவர் வந்திருக்க வேண்டியதே இல்லை என்பது இக்கட்டுரையின் வாதம்.

சைல்ட் 1892-இல் சிட்னியில் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் படித்துவிட்டு ஆஸ்திரேலியா திரும்பி, நியூ சவுத் வேல்ஸ் மாநிலத்தின் தொழிற்கட்சி முதல்வர் ஜான் ஸ்டோரியிடம் செயலாளராகப் பணியாற்றினார். தொழிலாளர் அரசியலைப் பற்றி 1923-இல் ஒரு நூலும் எழுதினார். அதற்குப் பிறகே முழுநேரத் தொல்லியலாளர் ஆனார். 1927 முதல் எடின்பரோவில் பேராசிரியர், 1946 முதல் லண்டன் தொல்லியல் நிறுவனத்தின் இயக்குநர். அவருடைய மார்க்சியச் சார்பை எல்லோரும் குறிப்பிடுவார்கள். அதே அளவு முக்கியமானது அவர் எந்த நிலைப்பாட்டுக்கு எதிராக எழுதினார் என்பது. ஒரே வகைப் பானை, ஒரே வகைக் கருவி, ஒரே வகைச் சவ அடக்கம் சேர்ந்து கிடைக்கும் இடங்களை ஒரு ‘தொல்லியல் பண்பாடு’ எனத் தொகுக்கும் முறையை ஜெர்மன் அறிஞர் குஸ்டாஃப் கோசினா வளர்த்திருந்தார். அந்தப் பண்பாட்டை ஓர் இனத்தின் ரத்தத்தோடு முடிச்சுப் போட்டவரும் அவரே. முன்னோரின் பானை ஓடு கிடைத்த மண்ணெல்லாம் ஜெர்மானியருக்கே உரியது என்ற நாஜி வாதத்துக்கு அது வழிவிட்டது. சைல்ட் தொகுக்கும் முறையை ஏற்றார், ரத்தத்தை விலக்கினார். ஹிட்லர் ஆட்சிக்கு வந்த 1933-ஆம் ஆண்டிலேயே இனவாதத் தொல்லியலை வெளிப்படையாகக் கண்டித்தார். பண்பாட்டைப் பற்றிய அவருடைய விளக்கம் இந்த எதிர்ப்பில் உருவானது என்பதை மறந்துவிட்டு அதைப் படிக்கக் கூடாது.

விளக்கம் இதுதான். குளிர் நாட்டு விலங்கு குளிரைத் தன் தோலிலும் ரோமத்திலும் தாங்குகிறது; அந்த ரோமம் அதற்குப் பிறப்பிலேயே கிடைக்கிறது. மனிதனுக்கு அப்படி எதுவும் உடலில் இல்லை. ஆடை, நெருப்பு, கூரை என உடலுக்கு வெளியே உள்ளவற்றைக் கொண்டு குளிரைச் சமாளிக்கிறான். உடலுக்கு வெளியே இருப்பது கருவழியே பிள்ளைக்குப் போகாது. எந்தக் குழந்தையும் நெருப்பு மூட்டத் தெரிந்து பிறப்பதில்லை. தாயும் தந்தையும் சுற்றத்தாரும் காட்டிக் கொடுத்தால்தான் உண்டு. ஆகவே மனித இனத்தின் வரலாறு, உடலின் மாற்றத்தைவிட மரபாகக் கைமாறி வந்த அறிவின் வரலாறாகவே இருக்க முடியும் என்றார் சைல்ட். இதிலிருந்து சில முடிவுகள் தாமாகவே கிளைக்கின்றன. கற்றுக்கொண்டது எதுவும் ஓர் இனத்தின் தனிச்சொத்து ஆகாது. கற்றவர் சொல்லிக் கொடுக்காமல் இறந்துபோனால் அறிவும் இறந்துபோகும். ஒரு தலைமுறை கண்டதன் மேல் அடுத்த தலைமுறை சிறிதளவு சேர்த்தால், எந்தத் தனிமனிதராலும் ஒற்றை ஆயுளில் கண்டறிய முடியாத ஒன்று காலப்போக்கில் உருவாகும்.

இங்கே ஒரு மறுப்பு எழும். ஜப்பானின் கோஷிமா தீவில் 1953-இல் ஓர் இளம் பெண் குரங்கு சர்க்கரைவள்ளிக் கிழங்கை நீரில் கழுவித் தின்னத் தொடங்கியது. கூட்டத்தின் பிற குரங்குகளும் அதைக் கற்றுக்கொண்டன. மேற்கு ஆப்பிரிக்காவில் ‘தாய்’ என்ற காட்டிலுள்ள சிம்பன்சிகள் கல்லால் கொட்டை உடைக்கின்றன. குட்டிகள் அதைத் தாயிடமிருந்து ஆண்டுக்கணக்கில் பழகுகின்றன. அப்படியிருக்க, மரபாக வரும் அறிவு மனிதனுக்கு மட்டும் உரியது என்று எப்படிச் சொல்வது? சைல்ட் காலத்தில் இந்தச் செய்திகள் தெரியாது. தெரிந்திருந்தால் எல்லைக்கோட்டை அவர் அவ்வளவு தடிப்பாகப் போட்டிருக்க முடியாது. ஆனாலும் அவர் சொன்னதன் உட்கரு கெடவில்லை. உளவியலாளர் மைக்கேல் டொமசெல்லோ 1999-இல் வெளியிட்ட நூலில் காட்டியதுபோல, விலங்குகளின் வழக்கம் பெரும்பாலும் அதே மட்டத்தில் நிற்கிறது. மனிதரின் வழக்கமோ முன்பு எட்டிய நிலையிலிருந்து பின்வாங்காமல் மேலும் ஏறுகிறது. வேறுபாடு பழக்கம் பரவுவதில் இல்லை. அது சேர்ந்து பெருகுவதில் இருக்கிறது. சைல்ட் அழுத்தம் கொடுத்ததும் இந்தச் சேர்மானத்துக்குத்தான்.

இவ்வளவு நல்ல கருத்தைக் கையில் வைத்துக்கொண்டு பழைய கற்காலத்தை அவர் அவசரமாகக் கடந்து போனது பெரிய குறை. மானிடவியலாளர் லூயிஸ் மார்கன் வகுத்த ‘காட்டுநிலை’ என்ற படியிலேயே வேட்டுவர்களை அவர் நிறுத்தினார். இயற்கை கொடுத்ததை எடுத்துத் தின்றவர்கள் என்ற அளவில் அவர்கள் கதை முடிந்துவிடுகிறது. உண்மையில் அவருடைய விளக்கத்துக்கு மிக வலுவான சான்று இருப்பதே அந்தக் காலத்தில்தான். திருவள்ளூர் மாவட்டத்தில் கொற்றலை ஆற்றுப் படுகையை ஒட்டிய அத்திரம்பாக்கத்தை எடுத்துக்கொள்ளலாம். 1863-இல் ராபர்ட் புரூஸ் ஃபூட்டும் வில்லியம் கிங்கும் கற்கருவிகள் கண்டெடுத்த இடம் அது. சாந்தி பப்பு தலைமையிலான குழு அங்கே மீண்டும் அகழ்ந்து, கைக்கோடரிகள் கிடைத்த அடுக்கு ஏறத்தாழ 15 லட்சம் ஆண்டு பழமையானது என்று 2011-இல் அறிவித்தது. மேலடுக்கு ஒன்றில், ஏறத்தாழ 3,85,000 ஆண்டுகளுக்கு முன், வேலைமுறையே மாறியிருப்பதாக 2018-இல் அதே குழு எழுதியது. முந்தைய முறையில், படிகக்கல் வகைத் துண்டை இருபுறமும் செதுக்கிச் செதுக்கி அந்தக் கல்லையே கோடரியாக்குவார்கள். பிந்தைய முறையில் கல்லின் விளிம்பையும் முகத்தையும் முதலில் பக்குவப்படுத்துவார்கள். பிறகு சரியான இடத்தில் ஒரே தட்டு. வேண்டிய வடிவில் சில்லு பெயர்ந்து வரும். தட்டுவதற்கு முன்பே சில்லின் உருவம் தட்டுபவரின் மனத்தில் இருந்தாக வேண்டும். அங்கே மனித எலும்பு எதுவும் கிடைக்கவில்லை. இந்தக் கருவிகளைச் செய்த உடல் எப்படிப்பட்டது என்று தெரியாமலேயே, அந்தக் கைகள் ஒரு முறையைப் பிறரிடம் பயின்றன என்று நம்மால் சொல்ல முடிகிறது. பண்பாட்டை உடலிலிருந்து பிரித்துப் பார்க்கச் சொன்ன சைல்டுக்கு இதைவிடப் பொருத்தமான எடுத்துக்காட்டு அமைவது அரிது.

கல் செதுக்குதல் பார்த்ததும் வந்துவிடும் வேலை அல்ல என்பதும் இன்று சோதித்து அறியப்பட்டிருக்கிறது. பழகாதவர்களைக் குழுக்களாகப் பிரித்து, ஒரு குழுவுக்கு முடிந்த கருவியை மட்டும் காட்டியும், இன்னொன்றுக்குச் செய்து காட்டியும், வேறொன்றுக்கு வாயால் சொல்லிக் கொடுத்தும் கல் உடைக்கவிட்ட ஓர் ஆய்வு 2015-இல் வெளியானது. வெறுமே பார்த்துச் செய்தவர்கள் அதிகம் முன்னேறவில்லை. சொல்லிக் கொடுக்கப்பட்டவர்களே தெளிவாக மேம்பட்டார்கள். தென்னாப்பிரிக்காவின் புளோம்போஸ் குகையில் கிடைத்ததும் இதே திசையைக் காட்டுகிறது. சுமார் ஒரு லட்சம் ஆண்டுகளுக்கு முன் அங்கே காவிக்கல்லை அரைத்துப் பொடியாக்கி, சூடாக்கி நொறுக்கிய எலும்பையும் கரியையும் சேர்த்து, ஒரு திரவத்தில் குழைத்து, இரண்டு பெரிய கடற்சிப்பிகளில் வைத்திருக்கிறார்கள். அரைத்த கல்லும் கூடவே கிடந்தது. இத்தனை பொருளை இந்த வரிசையில் சேர்ப்பது ஒரு செய்முறை. செய்முறை இருந்தால் அதைச் சொல்லித் தந்தவரும் கேட்டுக்கொண்டவரும் இருந்திருப்பார்கள். பயிர்த்தொழில் தோன்றுவதற்கு 90,000 ஆண்டுகள் முந்திய நிலை இது. இயற்கையின் முன் கைகட்டி நின்றவர்கள் என்ற சித்திரம் இவர்களுக்குப் பொருந்தாது.

இனி புதிய கற்காலப் புரட்சிக்கு வருவோம். ‘புரட்சி’ என்ற சொல்லைச் சைல்ட் எங்கிருந்து எடுத்தார் என்பதை அவரே மறைக்கவில்லை. பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து பிரிட்டனின் மக்கள்தொகைக் கோடு சட்டென மேலேறுவதைக் காட்டி, தொழிற்புரட்சி நடந்ததற்கு அதுவே அளவுகோல் என்றார். பயிரிடவும் கால்நடை வளர்க்கவும் மனிதர் கற்றபோதும் அப்படியொரு மக்கள்தொகைப் பெருக்கம் நிகழ்ந்தது. ஆகவே அதுவும் புரட்சிதான். அதன் காரணத்தை அவர் தட்பவெப்பத்தில் தேடினார். பனிக்காலம் முடிந்து மேற்காசியா வறண்டபோது மனிதரும் விலங்கும் புல்லும் பாலைவன நீரூற்றுகளை ஒட்டி ஒதுங்க நேர்ந்தது, அந்த நெருக்கத்தில் பழக்குதல் தொடங்கியது என்பது அவருக்கு முன்பே சிலர் சொல்லிவந்த ஊகம். 1928-இல் அதை அவர் விரித்து எழுதினார். ராபர்ட் பிரெய்ட்வுட் 1948 முதல் இராக்கின் ஜார்மோ மலையடிவாரத்தில் அகழ்ந்தபோது அத்தகைய வறட்சிக்குச் சான்று கிடைக்கவில்லை. காட்டுக் கோதுமை இயல்பாக விளையும் மலைச்சரிவே தொடக்க இடமாகத் தோன்றியது. ஆனால் சைல்டைத் தவறான வழியில் செலுத்தியது வறட்சி ஊகத்தைவிடக் கால அளவு இல்லாமையே. கரி, எலும்பு போன்றவற்றின் வயதை அளக்கும் கரிமக் கணிப்பு 1949-க்குப் பிறகுதான் வந்தது. அதற்கு முன், வேட்டுவர் வாழ்ந்த அடுக்குக்கும் அதன் மேலுள்ள உழவர் அடுக்குக்கும் இடையே கழிந்தது நூறு ஆண்டா, மூவாயிரம் ஆண்டா என்று யாராலும் சொல்ல முடியாது. அடுத்தடுத்துக் கிடக்கும் இரண்டு அடுக்குகள் ஒரு தாவலைப் போலத்தான் கண்ணுக்குத் தெரியும்.

1989-இல் கலிலேயாக் கடலின் நீர் வெகுவாக வற்றியபோது கரையோரச் சேற்றில் ஒரு குடியிருப்பு வெளிப்பட்டது. ஒஹலோ 2 என்று அதற்குப் பெயர். தழையால் வேய்ந்த குடிசைகள், அடுப்புகள், ஒரு புதைகுழி எல்லாம் சேற்றுக்குள் காற்றுப் படாமல் இருந்ததால் அப்படியே காப்பாற்றப்பட்டிருந்தன. வயது சுமார் 23,000 ஆண்டு. 140-க்கும் மேற்பட்ட தாவர வகைகளின் விதைகளும் கனிகளும் அங்கிருந்து எடுக்கப்பட்டன. காட்டு பார்லியும் காட்டுக் கோதுமையும் அவற்றில் உண்டு. ஓர் அரைகல்லின் முகத்தில் தானிய மாவின் நுண்துகள்கள் ஒட்டியிருந்தன. உழுத நிலத்தில் மட்டுமே செழிக்கும் களைகளின் விதைகளும் கிடைத்ததால், அவர்கள் சிறிய அளவில் விதைத்துப் பார்த்திருக்கலாம் என்று 2015-இல் ஆய்வாளர்கள் வாதிட்டார்கள். அந்த வாதத்தை முழுமையாக ஏற்கத் தேவையில்லை. காட்டுத் தானியத்தை எப்போது அறுப்பது, எப்படிப் புடைப்பது, எப்படி மாவாக்குவது என்ற அறிவு, சைல்ட் குறித்த புரட்சிக்குப் பத்தாயிரம் ஆண்டுகளுக்கு மேல் முந்தியது என்பதை மட்டும் ஏற்றாலே போதும். ஜோர்டானின் ஷுபய்கா என்ற இடத்தில் 14,000 ஆண்டுகளுக்கும் முந்தைய அடுப்பில் கருகிய ரொட்டித் துணுக்குகள் கிடைத்திருப்பதும் இதோடு சேர்கிறது. அவர்கள் ரொட்டி சுட்டார்கள். ஆனால் உழவர்கள் அல்லர்.

இன்னும் நெருங்கிப் பார்க்க வேண்டியது தானியத்தின் காம்பை. காட்டுப் புல்லின் கதிர் முற்றியதும் மணிகள் தாமாகவே உதிர்ந்துவிடும். உதிர்ந்தால்தான் அடுத்த ஆண்டு முளைக்கும். வீட்டுப் பயிரில் மணி கதிரிலேயே நிற்கும். களத்தில் போட்டு அடித்தால்தான் பிரியும். மனிதன் விதைக்காவிட்டால் அந்தப் பயிருக்கு வாழ்வில்லை. இந்த வேறுபாடு கருகிய தானியத்தின் அடிக்கணுவில் பதிந்திருக்கும். தானாக உதிர்ந்ததன் தழும்பு வழவழப்பாக இருக்கும். அடித்துப் பிரித்ததில் பிய்ந்த நார் தெரியும். நுண்ணோக்கியின் கீழ் வைத்து இந்த இரண்டையும் எண்ணினால், ஓர் ஊரின் விளைச்சலில் எத்தனை பங்கு வீட்டுப் பயிர் ஆகியிருந்தது என்று தெரிந்துவிடும். கார்டன் ஹில்மனும் ஸ்டூவர்ட் டேவிஸும் காட்டுக் கோதுமையை அரிவாளால் அறுத்துச் சோதித்து, உதிராத வகை இருபது முதல் இருநூறு ஆண்டுகளுக்குள் வயலைப் பிடித்துக்கொள்ளும் என்று 1990-இல் கணித்தார்கள். அது உண்மையானால் சைல்டின் புரட்சி நின்றிருக்கும். ஆனால் மண்ணிலிருந்து எடுத்த தானியம் வேறு கணக்குச் சொன்னது. மேற்காசியக் கோதுமையில் உதிராத வகை பெரும்பான்மையாவதற்கு ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேல் பிடித்ததாக 2006-இல் கென்-இச்சி தன்னோவும் ஜார்ஜ் வில்காக்ஸும் காட்டினார்கள். சீனத்தின் யாங்சி ஆற்றுக் கழிமுகத்தில் தியான்லுவோஷான் என்ற ஊரில், நெல்லின் உதிராத பங்கு 27 விழுக்காட்டிலிருந்து 39 விழுக்காட்டுக்கு உயர ஏறத்தாழ 300 ஆண்டு ஆயிற்று என்று 2009-இல் டோரியன் ஃபுல்லரும் சீன ஆய்வாளர்களும் எண்ணிச் சொன்னார்கள். பத்துப் பன்னிரண்டு தலைமுறை உழைப்பில் நூற்றுக்குப் பன்னிரண்டு மணி மாறியிருக்கிறது. அந்தத் தலைமுறைகளில் வாழ்ந்த எவருக்கும் தங்கள் கண்முன் ஏதோ மாறுகிறது என்றே தோன்றியிருக்காது.

இந்த மெதுவான மாற்றம் யாருடைய கருத்தை மெய்ப்பிக்கிறது? ஒரு நெருக்கடியில் ஒரு மேதை விதையைக் கண்டுபிடித்தார் என்ற கதையை அது உடைக்கிறது. ஒருவர் கண்டறிய முடியாததை, கைமாறி வந்த வழக்கம் ஆயிரம் ஆண்டுகளில் செய்து முடித்தது என்று காட்டுகிறது. பச்சையாக அறுப்பதா, முற்றவிட்டு அறுப்பதா, எந்த விதையை எடுத்து வைப்பது, எந்த நிலத்தை மறு ஆண்டுக்குத் தரிசு விடுவது என்ற சிறு முடிவுகள் ஆண்டுதோறும் மாறாமல் பின்பற்றப்பட்டிருந்தால்தான் கதிர்க்காம்பு இப்படி மாறியிருக்கும். நடுவில் ஒரு தலைமுறை கைவிட்டிருந்தால் பயிர் மறுபடி காட்டுக்குத் திரும்பியிருக்கும். மரபே மனிதனின் உடலுக்கு வெளியே உள்ள உறுப்பு என்ற சைல்டின் கருத்து, ஒரு கோதுமைக் கணுவில் எழுதப்பட்டிருப்பதுபோல் இருக்கிறது. அவர் மரபைப் பற்றி எழுதிய பக்கங்களும் புரட்சியைப் பற்றி எழுதிய பக்கங்களும் ஒரே நூலில் இருந்தும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை.

அவருடைய நியாயத்தைச் சொல்லாமல் விடக் கூடாது. புதிய கற்காலப் புரட்சி நீண்டதொரு வளர்ச்சியின் உச்சம் என்றும், தொல்லியலால் விளைவை மட்டுமே காண முடிவதால் அதை ஒற்றை நிகழ்வாகச் சொல்ல வேண்டியிருக்கிறது என்றும் அவரே 1936-இல் குறித்திருக்கிறார். இதை எடுத்துக்காட்டி, இருபது முப்பது லட்சம் ஆண்டு வேட்டுவ வாழ்வோடு ஒப்பிட்டால் மூவாயிரம் ஆண்டும் ஒரு நொடிதானே, புரட்சி என்பதில் என்ன தவறு என்று கேட்பவர்கள் உண்டு. விளைவின் அளவைச் சொல்ல அந்தச் சொல் பொருந்தும் என்பதை மறுக்க முடியாது. ஆனால் சொல் வாசகர் மனத்தில் செய்யும் வேலை அதோடு நிற்பதில்லை. புரட்சி என்றதும் அதற்கு முந்தியது இருள், பிந்தியது ஒளி என்ற பாகுபாடு வந்துவிடுகிறது. தூண்டிய காரணம் ஒன்று, தொடங்கிய இடம் ஒன்று என்ற தேடலும் வந்துவிடுகிறது. சைல்டே அந்தத் தேடலுக்குத்தான் போனார்.

தொடங்கிய இடம் ஒன்றே என்ற நம்பிக்கை அவரை எங்கெல்லாம் கொண்டுபோனது என்பதற்கு ஐரோப்பா சாட்சி. கிழக்கிலிருந்து மேற்குக்கு எல்லாம் பரவியது என்று 1925 முதல் அவர் கட்டிய கால வரிசையில், பிரான்சின் மேற்குக் கரையிலுள்ள பெருங்கல் சமாதிகள் எகிப்துக்கும் ஏஜியனுக்கும் பிந்தியவை. திருத்தப்பட்ட கரிமக் கணிப்பு அவை பிரமிடுகளைவிடப் பல நூற்றாண்டு மூத்தவை என்று காட்டியது. காலின் ரென்ஃப்ரூ 1973-இல் எழுதிய நூல் அந்தப் பழைய வரிசையைக் குலைத்துவிட்டது. ஸ்காட்லாந்தின் ஆர்க்னித் தீவிலுள்ள ஸ்காரா பிரே கிராமத்தை அகழ்ந்தவர் சைல்ட்தான். கல்லாலான கட்டில், கல்லாலான தட்டு அலமாரி, நடுவே அடுப்பு என வீடுகள் முழுமையாகக் கிடைத்தன. 1931-இல் எழுதிய நூலில் அதை இரும்புக்காலப் பிக்ட் மக்களின் ஊர் என்றார். பானை ஓடுகளைக் கொண்டு ஸ்டூவர்ட் பிகட் சில ஆண்டுகளில் அது புதிய கற்காலத்தது எனக் காட்டினார். அது 5,000 ஆண்டு பழமையான ஊர் என்பது பின்னர் உறுதியாயிற்று. புதிய கற்காலத்துக்குப் புகழ் தேடித் தந்தவர் தம் கையால் தோண்டிய புதிய கற்கால ஊரையே அடையாளம் காண முடியாமல் போனது, கால அளவு இல்லாத தொல்லியல் எவ்வளவு இடர்ப்பட்டது என்பதைச் சொல்கிறது.

ஐரோப்பாவுக்கு வெளியே பரவல் கொள்கை இன்னும் மோசமாகப் பொய்த்தது. மெக்சிகோவில் மக்காச்சோளம், நியூ கினியின் மலைச் சதுப்பில் சேம்பும் வாழையும், சீனத்தில் நெல்லும் தினையும், ஆண்டிஸ் மலையில் உருளைக்கிழங்கு: ஒவ்வொன்றும் பிறர் உதவியின்றித் தத்தம் மண்ணில் தொடங்கியவை. தென்னிந்தியாவும் இந்தப் பட்டியலில் சேர வேண்டும் என்று ஃபுல்லர் உள்ளிட்டோர் வாதிடுகிறார்கள். வடக்குக் கர்நாடகத்திலும் அதையடுத்த ஆந்திர, தெலங்கானப் பகுதிகளிலும் காணப்படும் சாம்பல் மேடுகள், மாடு அடைத்த பட்டிகளில் குவிந்த சாணம் மீண்டும் மீண்டும் எரிக்கப்பட்டதால் உண்டானவை என்பதை எஃப். ஆர். ஆல்சின் 1957-இல் உத்நூரில் அகழ்ந்து தெளிவுபடுத்தினார். சங்கனகல்லு, ஹல்லூர் போன்ற ஊர்களில், கி.மு. மூன்றாம் ஆயிரத்தாண்டில், முதலில் நிலைத்த பயிர்கள் கோதுமையோ பார்லியோ அல்ல. கொள்ளு, பாசிப்பயறு, இரண்டு சிறுதானியங்கள் ஆகியவையே. இவை எல்லாம் தீபகற்பத்தின் வறண்ட காடுகளுக்கு உரியவை. கோதுமை பின்னால் வந்து சேர்ந்தது. தமிழ்நாட்டில் திருப்பத்தூரை அடுத்த பையம்பள்ளியில் இந்தியத் தொல்லியல் துறை 1960-களில் அகழ்ந்த புதிய கற்கால ஊரிலும் கருகிய கொள்ளும் பச்சைப்பயறும் கிடைத்தன. மாடு வளர்ப்பு வடமேற்கிலிருந்து வந்திருக்கக் கூடும், பயறு இங்கத்தது. ஓரிடத்திலிருந்து மட்டும் வந்த ஒளி என்ற சித்திரத்துக்கு இதில் இடமில்லை. எந்த மக்களும் தம் நிலத்தைத் தலைமுறைகளாக அறிந்து இந்த வேலையைச் செய்ய முடியும் என்பதே தெரிகிறது. இனவாதத்தை எதிர்த்த சைல்ட் விரும்பியிருக்க வேண்டிய முடிவும் இதுதான்.

மிக வலுவான மறுப்பு வேறொரு பக்கத்திலிருந்து வருகிறது. துருக்கியின் தென்கிழக்கில் கோபெக்லி தெபே என்ற குன்றில் 1995 முதல் கிளாஸ் ஷ்மிட் அகழ்ந்தார். நரி, பாம்பு, கழுகு உருவங்கள் செதுக்கிய, சில ஐந்து மீட்டருக்கும் மேல் உயரமான, ஆங்கில டி வடிவச் சுண்ணக்கல் தூண்கள் வட்டமாக நின்றன. அவை கி.மு. 9500-ஐ ஒட்டியவை, கிடைத்த தானியமும் எலும்பும் எல்லாம் காட்டு வகை. கோயில் முதலில் வந்தது, வயல் பின்னால் வந்தது என்றார் ஷ்மிட். வேளாண்மைக்கு முன் தெய்வ உருவங்களில் மாற்றம் ஏற்பட்டது என்று 1994-இலேயே ஜாக் கோவின் எழுதியிருந்தார். வயிற்றிலிருந்து தொடங்கும் சைல்டின் பொருள்முதல் வாதத்துக்கு இது மரண அடி என்று பலர் சொன்னார்கள். சைல்டிடம் இங்கே ஒரு குறை இருக்கிறது: சடங்கையும் மந்திரத்தையும் அவர் அறிவின் தடையாகவே பெரும்பாலும் கண்டார், அறிவைப் பாதுகாத்துக் கடத்தும் கூடமாக அவை இருக்கக் கூடும் என்று எண்ணவில்லை. ஆனால் கோபெக்லி தெபேயில் அண்மைய ஆண்டுகளில் வீடுகளும் மழைநீர் சேமிப்புத் தொட்டிகளும், தானியம் அரைத்த ஆயிரக்கணக்கான கற்களும் அடையாளம் காணப்பட்டுள்ளன. கோயில் மட்டும் தனித்து நிற்கவில்லை; உணவு ஆக்கும் பெரிய வேலையும் அதே குன்றில் நடந்திருக்கிறது. தூணைப் பாறையிலிருந்து வெட்டி எடுப்பதும் தீக்கல் கருவியால் விலங்கு உருவத்தைப் புடைப்பாக எடுப்பதும் குருவிடம் கற்காமல் வருபவை அல்ல. நம்பிக்கையா உணவா எது முதல் என்ற கேள்வியே தவறாகப் போடப்பட்டது என்று நினைக்கிறேன். இரண்டையும் சுமந்தது ஒரே கற்பித்தல் மரபு.

சைல்டின் மக்கள்தொகை அளவுகோலைப் பற்றியும் ஒரு வார்த்தை சொல்ல வேண்டும். ஒரு மாற்றம் மனிதருக்கு நல்லதா என்பதைத் தலைக்கணக்கால் முடிவு செய்தார் அவர். சிரியாவில் யூப்ரடீஸ் கரையிலிருந்த அபு ஹுரேரா அதற்குப் பதில் சொல்கிறது. அங்கே வாழ்ந்த தொடக்ககால உழவர்களின் எலும்புகளை ஆராய்ந்த தியா மோல்சன், பெண்களின் கால் பெருவிரல் மூட்டு தேய்ந்தும் முழங்காலும் முதுகெலும்பின் அடிப்பகுதியும் நைந்தும் இருப்பதை 1994-இல் விளக்கினார். அம்மியை ஒத்த தட்டைக் கல்லின் முன் மண்டியிட்டு, விரல்களை மடக்கி ஊன்றி, நாளெல்லாம் முன்னும் பின்னும் தள்ளி அரைத்த உடம்புகள் அவை. மக்கள்தொகை பெருகிய அதே காலத்தில் அந்தப் பெண்களின் மூட்டுகள் தேய்ந்தன. முன்னேற்றம் என்ற சொல்லைச் சைல்ட் எடுத்த எடுப்பில் பயன்படுத்திவிட்டார் என்பதற்கு இதைவிட நேரான சான்று இல்லை.

இருந்தாலும் அந்தச் சொல்லுக்குள்ளேயே அவர் ஒரு தடையையும் வைத்திருந்தார். அதை அவருடைய வாசகர்கள் அதிகம் பேசுவதில்லை. நகரப் புரட்சிக்கு முந்தைய ஆயிரமாண்டுகளில் கலப்பை, சக்கரம், பாய்க்கப்பல், செம்பு உருக்குதல் என ஏராளமான கண்டுபிடிப்புகள் வந்தன. அதற்குப் பிந்தைய இரண்டாயிரம் ஆண்டுகளில் அதற்கு நிகரானவை நான்கே என்று எண்ணிக் காட்டினார்: பாபிலோனிய எண் முறை, இரும்பை மலிவாக உருக்குவது, அகரவரிசை எழுத்து, நகரங்களுக்கு நீர் கொண்டுவந்த கால்வாய். உழைப்பவரிடமிருந்து அறிவு பிரிக்கப்பட்டு, எழுத்தர் கையிலும் அரண்மனைக் கையிலும் சிக்கியதே தேக்கத்துக்குக் காரணம் என்றார். கண்டுபிடிப்புகளின் அந்தப் பட்டியலில் இன்று சர்ச்சைக்கு இடமுண்டு. ஆனால் அறிவு பெருகுவது அதைச் செய்பவர்கள் தங்களுக்குள் பகிரும்போதுதான் என்ற கணிப்பு, தியான்லுவோஷானின் நெல்லும் அத்திரம்பாக்கத்தின் கல்லும் காட்டுவதோடு ஒத்துப்போகிறது. 1936-இன் சைல்டைப் படிக்க வருபவர்கள் புரட்சி அத்தியாயங்களோடு நின்றுவிடாமல் இந்தப் பகுதியையும் தொடக்கப் பகுதியையும் சேர்த்துப் படிக்க வேண்டும்.

இத்தகைய சான்றுகள் எப்படிக் கிடைத்தன என்பதை நாம் கவனிக்க வேண்டும். அபு ஹுரேராவை 1972-73-இல் ஆண்ட்ரூ மூர் அவசரமாக அகழ்ந்தார், தப்கா அணை கட்டப்பட்டு ஊர் மூழ்கப்போகிறது என்பதால். தோண்டிய மண்ணை நீரில் கரைத்து மிதக்கும் கருகிய விதைகளை வடித்தெடுத்தார்கள். ஊர் இன்று ஏரிக்கடியில் இருக்கிறது. தானியங்கள் ஆய்வகத்தில் இருக்கின்றன. தென்னிந்தியாவின் சாம்பல் மேடுகள் பலவற்றை உரமாகவும் மண்ணாகவும் அள்ளிப்போய்விட்டார்கள். சங்கனகல்லு, குப்கல் குன்றுகளைக் கருங்கல் குவாரிகள் தின்றுகொண்டு வந்தன. நம் ஊர் அகழாய்வுகளில் பொன்னும் எழுத்துப் பொறித்த ஓடும் கிடைத்தால் செய்தியாகிறது; ஒரு கூடை மண்ணிலிருந்து வடித்த நாலு கொள்ளு செய்தியாவதில்லை. தொல்லியல் துறைகளும் பல்கலைக்கழகங்களும் ஒவ்வொரு புதிய கற்காலக் குழியின் மண்ணையும் நீரில் கரைத்து வடித்த பிறகே கொட்ட வேண்டும் என்பதை விதியாக்க வேண்டும். எஞ்சியிருக்கும் சாம்பல் மேடுகளைக் குவாரிக்கும் வயல் விரிவாக்கத்துக்கும் விடாமல் வேலியிட்டுக் காக்க வேண்டும்.